தரமுயர்வுக் கடிதத்தில் இரண்டு திகதிகள்: ஆசிரியர்களுக்கு ஓர் எளிய விளக்கம்

வன்னியில் ஒரு கிராமப் பாடசாலையில் படிப்பிக்கும் ஆசிரியை ஒருவர் தன் தரமுயர்வுக் கடிதத்தை என்னிடம் கொண்டுவந்தார். சந்தோசமாக வந்திருக்க வேண்டியவர், முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வந்தார். “நாலு வருசம் போச்சு சேர், இப்பதான் தந்திருக்கினம்” என்றார். கடிதத்தின் வலது மூலையில் இருந்த திகதியை மட்டும்தான் அவர் பார்த்திருந்தார். இரண்டாவது பந்தியை வாசிக்கச் சொன்னேன். அங்கே நாலு வருடத்துக்கு முந்திய ஒரு திகதி இருந்தது, “அத்திகதி முதல் செயற்படும் வண்ணம்” என்ற சொற்களோடு.

இந்தக் கட்டுரை அந்த இரண்டாவது திகதியைப் பற்றியது. மூலையில் இருப்பது கடிதத் திகதி. பந்திக்குள் இருப்பது நீங்கள் அந்தத் தரத்துக்கு உரியவராகிய திகதி. தரமுயர்வு பிந்துவது என்றால் பெரும்பாலும் முதலாவது பிந்துகிறது. இரண்டாவது பிந்தக் கூடாது. அது பிந்தினால்தான் உண்மையில் நட்டம், பிரச்சினையும் அங்கேதான் தொடங்குகிறது.

அரச பாடசாலை ஆசிரியர்கள் இலங்கை ஆசிரியர் சேவை என்ற ஒரே சேவைக்குள் இருக்கிறார்கள். 1994இல் தொடங்கிய இந்தச் சேவையின் விதிப் புத்தகத்துக்குப் பெயர் பிரமாணக் குறிப்பு. இப்போதைய பிரமாணக் குறிப்பு 2014 ஒக்டோபர் 23ஆம் திகதி, 1885/38 இலக்க அதிவிசேட வர்த்தமானியில் வந்தது. வந்தது 2014இல், செயற்படுவது 2008 ஜூலை 1 முதல். அதாவது விதியையே ஆறு வருடம் பின்திகதியிட்டுத்தான் தந்தார்கள். “பின்திகதியிட்டுத் தர ஏலாது” என்று யாராவது ஒரு மேசையில் உங்களுக்குச் சொன்னால் இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

தரங்கள் கீழிருந்து மேலே போகின்றன. 3-2 அடித்தட்டு. அதற்கு மேல் 3-1, பிறகு 2-2, 2-1, கடைசியில் தரம் 1. பட்டதாரியாக வருபவர் 3-1 (அ) பிரிவில் தொடங்குவார். கல்வியியற் கல்லூரி டிப்ளோமாவோடு வருபவர் அதே 3-1இன் வேறொரு பிரிவில் தொடங்குவார். பட்டத்தோடு பட்டப்பின் கல்வி டிப்ளோமாவும் இருந்தால் 2-2 திறக்கும். நீங்கள் எந்தப் படியில் இருக்கிறீர்கள் என்று தெரியாவிட்டால் சம்பளப் பட்டியலைப் பார்க்காதீர்கள், அதில் சுருக்கக் குறியீடுதான் இருக்கும். கடைசியாக வந்த தரமுயர்வுக் கடிதத்தையோ நியமனக் கடிதத்தையோ பாருங்கள்.

ஒரு படியிலிருந்து அடுத்ததற்குப் போக என்ன வேண்டும்? ஒவ்வொரு படிக்கும் ஆண்டுக் கணக்கு வேறு. அதைப் பிரமாணக் குறிப்பில் உங்கள் தரத்துக்குரிய பந்தியில்தான் பார்க்க வேண்டும். ஆனால் பொதுவான சாமான்கள் இவைதான்: நியமனம் நிரந்தரமாக்கப்பட்டிருக்க வேண்டும், அந்தத் தரத்தில் குறித்த ஆண்டுகள் திருப்தியான சேவை இருக்க வேண்டும், அந்த ஆண்டுகளின் சம்பள ஏற்றங்களை உழைத்திருக்க வேண்டும், அடுத்த தரத்துக்குப் போகுமுன் தேற வேண்டிய, வினைத்திறன் தடை எனப்படும் தகுதி நிபந்தனையைத் தாண்டியிருக்க வேண்டும். ஆசிரியர் சேவையில் அந்தத் தடை மொடியூல்களாக, அதாவது தனித்தனியே முடிக்க வேண்டிய பாடப் பகுதிகளாக, வருகிறது. நியமனக் கடிதத்தில் இரண்டாம் மொழித் தேர்ச்சி கேட்கப்பட்டிருந்தால் அதுவும் சேரும். ஒழுக்காற்றுத் தண்டனை இருந்தால் கணக்கு மாறும்.

இந்தச் சாமான்களில் கடைசியாக எது நிறைவேறியதோ, அது நிறைவேறிய நாள்தான் உங்கள் தகைமைத் திகதி. ஆண்டுக் கணக்கு மார்ச்சில் முடிந்து, மொடியூல் ஓகஸ்டில் முடிந்தால் ஓகஸ்ட்தான் கணக்கு. விண்ணப்பம் நீங்கள் அடுத்த வருடம் கொடுத்திருக்கலாம், அதிபர் அதற்கடுத்த மாதம் அனுப்பியிருக்கலாம், வலயக் கல்விப் பணிமனை அதை ஒரு வருடம் வைத்திருந்திருக்கலாம். அவை எதுவும் அந்த ஓகஸ்டை அசைக்காது.

இங்கே ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிட வேண்டும். தரமுயர்வு வேறு, அதிபராவது வேறு. அதிபர் சேவையின் மூன்றாம் தரத்துக்கு வெற்றிடம் இருக்க வேண்டும், போட்டிப் பரீட்சை எழுத வேண்டும். பக்கத்து ஆசிரியர் உங்களை விடக் கூடப் புள்ளி எடுத்தால் அவர் போவார், நீங்கள் நிற்பீர்கள். ஆசிரியர் சேவைக்குள் தரமுயர்வு அப்படி அல்ல. அதை வெற்றிடம் பார்த்துக் கொடுப்பதில்லை, யாரோடும் போட்டியும் இல்லை. தகைமை நிறைவேறினால் தர வேண்டியதுதான். “பதவி உயர்வு யாருக்கும் உரிமை இல்லை, அது நிர்வாகத்தின் விருப்பம்” என்று ஒரு பேச்சு அலுவலகங்களில் உலாவுகிறது. தெரிவு செய்து கொடுக்கும் பதவிகளுக்கு அதில் ஓரளவு உண்மை உண்டு. அங்கே உங்களுக்கு இருப்பது நியாயமாகப் பரிசீலிக்கப்படும் உரிமை மட்டும்தான். தரமுயர்வில் பரிசீலிப்பவருக்கு இருக்கும் வேலை, தாள்களைச் சரிபார்ப்பது. விருப்பம் பார்க்க அங்கே இடமில்லை.

சரி, தாள்களைச் சரிபார்க்க ஏன் நாலு வருடம்?

வன்னியில் அதற்கு ஒரு விசேட காரணம் இருக்கிறது, வெளியூர்க்காரருக்குச் சொன்னால் விளங்காது. 2008இலும் 2009இலும் பாடசாலைகள் இடம்பெயர்ந்தன. கிளிநொச்சியிலிருந்து கிழக்கே, பிறகு புதுக்குடியிருப்பு, பிறகு முள்ளிவாய்க்கால், பிறகு செட்டிகுளம் முகாம்கள். ஆசிரியர்களும் அந்தச் சனத்தோடு சனமாகத்தான் நடந்தார்கள். சான்றிதழ்களைப் பொலித்தீனில் சுற்றி வயிற்றோடு கட்டி வந்தவர்கள் உண்டு. பாடசாலையின் சம்பவத் திரட்டுப் புத்தகத்தையும் அலுவலகத்தில் இருந்த சுயவிபரக் கோவையையும் யார் கட்டி வருவது? மீள்குடியேறிய பிறகு பலருடைய கோவைகள் புதிதாகத் திறக்கப்பட்டன. அவற்றுக்குள் பழைய சம்பள ஏற்றப் பத்திரங்கள் இல்லை, நிரந்தரமாக்கிய கடிதம் இல்லை. இது போதாதென்று 2007இன் தொடக்கத்தில் வடகிழக்கு மாகாணம் இரண்டாகப் பிரிந்தது. அதற்கு முன் திருகோணமலையில் இருந்த நிர்வாகத்தின் காலத்துக் கடிதங்களுக்கு அங்கேயும் தேட வேண்டியிருந்தது.

இன்னொரு காரணம் சாதாரணமானது: விண்ணப்பம் நகர்வதில்லை. ஆசிரியரிடமிருந்து அதிபருக்கு, அதிபரிடமிருந்து வலயக் கல்விப் பணிமனைக்கு, அங்கிருந்து யாழ்ப்பாணத்திலுள்ள மாகாணக் கல்வித் திணைக்களத்துக்கு என்று அது போக வேண்டும். துணுக்காய், மடு, வவுனியா வடக்கு போன்ற வலயங்களில் இருப்பவர் தன் கோவை எங்கே நிற்கிறது என்று நேரில் பார்க்கப் போனால் ஒரு நாள் விடுமுறையும் பஸ் காசும் போகும். வவுனியாவிலிருந்து யாழ்ப்பாணமே ஏ9 வீதியில் 140 கிலோமீற்றர் அளவில் வரும். போய் நின்றால் அந்த விடயத்துக்குப் பொறுப்பான உத்தியோகத்தர் அன்றைக்கு லீவு.

எனக்கே நடந்திருக்கிறது. ஓர் அலுவலகத்தில் என் விண்ணப்பம் “வரவே இல்லை” என்றார்கள். நான் கொடுத்த நாளில் பிரதியில் திகதி முத்திரை வாங்கி வைத்திருந்தேன். அதைக் காட்டியதும் அதே மேசையின் கீழ் அடுக்கிலிருந்து விண்ணப்பம் வெளியே வந்தது. ஒன்பது மாதம் அங்கேயே இருந்திருக்கிறது. யாரும் அதை வேண்டுமென்று மறைக்கவில்லை. ஒரு சம்பள ஏற்றப் பத்திரம் குறைவு என்று பென்சிலால் எழுதி வைத்திருந்தார்கள், எனக்கு அறிவிக்கத்தான் ஒருவருக்கும் தோன்றவில்லை.

ஆகவே சட்டத்துக்குப் போகும் முன் செய்ய வேண்டியது வீட்டில் ஒரு கோவை திறப்பது. நியமனக் கடிதம், நிரந்தரமாக்கிய கடிதம், ஒவ்வொரு தரமுயர்வுக் கடிதம், மொடியூல் பெறுபேறுகள், ஒவ்வொரு இடமாற்றக் கடிதம், வருடத்துக்கொரு சம்பள ஏற்றப் பத்திரத்தின் பிரதி. சம்பள ஏற்றப் பத்திரத்தைத்தான் எல்லோரும் விடுகிறார்கள். ஏற்றம் சம்பளத்தில் சேர்ந்துவிட்டால் தாளைப் பற்றி யார் யோசிப்பது? ஆனால் தரமுயர்வை மறிப்பது பெரும்பாலும் ஏதோ ஒரு வருடத்தின் அந்த ஒற்றைத் தாள்தான்.

போரில் தாள்கள் போனவர்கள் சத்தியக் கடதாசியோடு நின்றுவிட வேண்டாம். கணக்குக் கிளையில் உங்கள் சம்பளப் பதிவு இருக்கலாம். நீங்கள் முன்பு படிப்பித்த, இடம்பெயராத ஒரு பாடசாலையின் வரவுப் பதிவேடு இருக்கலாம். உங்களோடு ஒரே நாளில், ஒரே கடித இலக்கத் தொடரில் நியமனம் பெற்ற நண்பரின் கடிதப் பிரதி இருக்கலாம். கடைசியாகச் சொன்னது நான் பல தடவை வேலை செய்யக் கண்டது. ஒரே தொகுதி நியமனங்களுக்கு ஒரே அனுமதிதான் மூலமாக இருக்கும், அதைப் பிடித்துக்கொண்டு உங்கள் பெயரைத் தேடலாம்.

இனி உரிமைகளுக்கு வருவோம். முதலில் உங்கள் முதலாளி யார் என்று தெரிய வேண்டும். மாகாணப் பாடசாலை ஆசிரியர் மாகாண அரச சேவைக்காரர். 1987ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டப்படி அந்தச் சேவை மீதான அதிகாரம் ஆளுநரிடம் இருக்கிறது, அவர் அதை மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழுவிடம் ஒப்படைக்கலாம். வடக்கு மாகாண சபையின் காலம் 2018இல் முடிந்த பிறகு மாகாணக் கல்வி அமைச்சர் என்று ஒருவர் இல்லாததால் ஆளுநரின் மேசை இன்னும் பெரிதாகிவிட்டது. தேசிய பாடசாலையில் இருப்பவரின் கதை வேறு. உதாரணத்துக்கு, வவுனியா தமிழ் மத்திய மகா வித்தியாலயத்தில் படிப்பிப்பவரின் கோவை கொழும்புக் கல்வி அமைச்சுக்கும் அரசாங்கச் சேவை ஆணைக்குழுவுக்கும் போகும். ஒரே ஊரில், ஒரே மதிலுக்கு இரண்டு பக்கமும் இருக்கும் இரண்டு ஆசிரியர்களுக்கு இரண்டு மேன்முறையீட்டு வழிகள். பிழையான வாசலில் மனுக் கொடுத்தால் காலம்தான் போகும்.

கொழும்புக்கு எழுதுவதென்றால் சிங்களத்தில் எழுத வேண்டும் என்று பலர் பயப்படுகிறார்கள். தேவையில்லை. அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை தமிழில் எழுதவும் தமிழில் பதில் பெறவும் உரிமை தருகிறது. வடக்கிலும் கிழக்கிலும் நிர்வாக மொழியே தமிழ்தான்.

என் அனுபவத்தில் மிகவும் பயன்பட்ட ஆயுதம் நீதிமன்றம் அல்ல, தகவல் அறியும் உரிமைச் சட்டம். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் அது. அலுவலகத்தில் தகவல் உத்தியோகத்தர் என்று ஒருவர் இருப்பார். அவரிடம் ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் சொல்லத் தேவையில்லை. தருவதா இல்லையா என்பதை அவர் 14 வேலை நாட்களுக்குள் முடிவு செய்ய வேண்டும். மறுத்தாலோ பேசாமல் இருந்தாலோ 14 நாட்களுக்குள் அதே நிறுவனத்தின் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு செய்யலாம், அவருக்கு மூன்று வாரம். அதற்கும் மேலே, இரண்டு மாதத்துக்குள், தகவல் அறியும் உரிமை ஆணைக்குழு.

கேள்வியை எப்படிக் கேட்பது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. “எனது தரமுயர்வு ஏன் தாமதம்?” என்று கேட்டால் “பரிசீலனையில் உள்ளது” என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். நான் எழுதிக் கொடுக்கும் மாதிரி இப்படி இருக்கும்: “2-1 தரத்துக்கான எனது விண்ணப்பம் தங்கள் அலுவலகத்துக்குக் கிடைத்த திகதி என்ன? இன்றைய திகதியில் அது எந்தப் பதவி வகிக்கும் உத்தியோகத்தரிடம் உள்ளது? அவரிடம் போன திகதி என்ன? ஆவணக் குறைபாடு இருப்பின் அது எது, எனக்கு அறிவித்த கடிதத்தின் பிரதி எங்கே? எனது விண்ணப்பத்துக்குப் பின்னர் கிடைத்த அதே தர விண்ணப்பங்களில் எத்தனைக்குத் தரமுயர்வு வழங்கப்பட்டுள்ளது?” கடைசிக் கேள்விதான் அலுவலகத்தில் கதிரையை அசைக்கும். உங்களுக்குப் பின்னால் கொடுத்தவருக்குக் கிடைத்திருந்தால் அது சமத்துவப் பிரச்சினையாகிவிடுகிறது என்பது அங்கே இருப்பவர்களுக்குத் தெரியும்.

அதே சட்டத்தின் 35ஆம் பிரிவையும் குறித்து வையுங்கள். ஒரு முடிவால் பாதிக்கப்பட்டவர் கேட்டால் முடிவெடுத்தவர் காரணத்தைச் சொல்ல வேண்டும் என்கிறது அது. விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டோ தகைமைத் திகதி பிந்திப் போடப்பட்டோ இருந்தால் முதல் கடிதம் அந்தப் பிரிவைச் சொல்லிக் காரணம் கேட்பதாக இருக்கட்டும்.

மேன்முறையீடு எழுதும்போது அதிபர் ஊடாக, வலயப் பணிப்பாளர் ஊடாக என்று ஒழுங்குப்படி அனுப்புங்கள். கூடவே முற்பிரதி ஒன்றை நேரே பதிவுத் தபாலில் போடுங்கள். அதிபரின் மேசையில் கடிதம் நித்திரை கொண்டாலும் தபால் கந்தோர்ப் பற்றுச்சீட்டு உங்களிடம் இருக்கும். அப்புறம், கடிதத்தில் கோபத்தைக் கொட்டாதீர்கள். நான் வாசித்த மேன்முறையீடுகளில் பாதிக்கு மேல் முதல் பக்கம் முழுக்கச் சேவையின் அருமை பெருமையும், யார் யாருக்குச் செல்வாக்கில் கிடைத்தது என்பதும்தான். தகைமைத் திகதி என்ன என்று தேடினால் மூன்றாம் பக்கத்தில் இருக்கும், சிலவற்றில் இருக்கவே இருக்காது. முதல் வரியிலேயே எழுதுங்கள்: இன்ன திகதியில் நான் தகைமை பெற்றேன், அதற்கான தாள்கள் இணைப்பு 1 முதல் 6 வரை.

இவ்வளவும் பலிக்காவிட்டால் நீதிமன்றம். சுருக்கமாகச் சொல்கிறேன், மிச்சத்தைச் சட்டத்தரணியிடம் கேளுங்கள்.

அரசியலமைப்பின் 12(1) உறுப்புரை சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்கிறது. அது நிர்வாக நடவடிக்கையால் மீறப்பட்டால் 126ஆம் உறுப்புரையின் கீழ் கொழும்பு உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுப் போடலாம். ஆனால் ஒரு மாதத்துக்குள். இந்த ஒரு மாதம்தான் எங்கள் ஆசிரியர்களை விழுத்தும் குழி. நிராகரித்த கடிதம் வந்ததும் நல்ல பிள்ளையாக மேன்முறையீடு எழுதிவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பார்கள். காத்திருக்கும்போது மாதம் ஓடிவிடும். வேறு வழியில் நிவாரணம் தேடிக்கொண்டிருந்தேன் என்பதால் கடிகாரம் நிற்காது என்று கமஎத்திகே எதிர் சிறிவர்தன வழக்கில் (1988இன் சட்ட அறிக்கைகளில் இருக்கிறது) உயர் நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது.

கடிகாரத்தை நிறுத்த ஒரு வழி இருக்கிறது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி, அந்த ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால் அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் வவுனியாவில் இருக்கிறது. முறைப்பாட்டு இலக்கத்தோடு வீட்டுக்கு வந்துவிடக் கூடாது. விசாரணை உண்மையில் நடக்கிறது என்பதற்கான அழைப்புக் கடிதங்களையும் சேர்த்து வையுங்கள், நீதிமன்றம் அதையும் பார்க்கும். பதிலே வராமல் இழுபடும் தாமதத்துக்கு அந்த மாதத்தை எந்த நாளிலிருந்து எண்ணுவது என்பது ஒவ்வொரு கோவைக்கும் மாறும். சட்டத்தரணியிடம் கேட்க வேண்டிய முதல் கேள்வி இதுதான்.

மாகாண ஆசிரியருக்கு இன்னொரு வாசல் மாகாண மேல் நீதிமன்றம். அரசியலமைப்பின் 154ப உறுப்புரையில், மாகாண விடயங்களில் எழுத்தாணை வழங்கும் அதிகாரம் அதற்கு உண்டு. தர வேண்டியதைத் தராமல் இருப்பவரைத் தரச் சொல்லி ஆணையிடக் கேட்கலாம். இங்கே ஒரு மாதக் கணக்கு இல்லை, ஆனாலும் நீங்களே வருடக் கணக்கில் உறங்கிவிட்டுப் போனால் நீதிமன்றம் முகம் சுழிக்கும். கொழும்புக்கு அலைவதை விட வவுனியாவுக்குப் போவது லேசு என்பதையும் சொல்ல வேண்டும். தேசிய பாடசாலை ஆசிரியருக்கு, அரசாங்கச் சேவை ஆணைக்குழுவின் முடிவுக்கு எதிராக, 2002ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை இருக்கிறது. செலவில்லாத வழி வேண்டுமென்றால் ஒம்புட்ஸ்மன் எனப்படும் நிர்வாகத்துக்கான பாராளுமன்ற ஆணையாளருக்கு நேரே கடிதம் போடலாம். அவரால் கட்டாயப்படுத்த முடியாது, பரிந்துரைக்கத்தான் முடியும். ஆனால் அவருடைய கடிதம் வந்தால் கோவை ஒரு மேசையாவது நகரும்.

அந்த ஆசிரியையிடம் திரும்பி வருகிறேன். அவருடைய இரண்டாவது திகதி சரியாக இருந்தது. இனி இருப்பது நிலுவைச் சம்பளம். கடிதம் வந்தவுடன் காசு தானாக வந்துவிடாது. கணக்குக் கிளை பழைய திகதியிலிருந்து சம்பளத்தை மாற்றியமைத்து, ஒவ்வொரு வருட ஏற்றத்தையும் புதிய தரத்தின் படிப்படி திருப்பிக் கணக்குப் போட வேண்டும். ஒரு கணக்குக்காக, மாத வித்தியாசம் 1,500 ரூபாய் என்று வைத்தால் 51 மாதத்துக்கு 76,500 ரூபாய். கடைசிச் சம்பளத்தை வைத்துத்தான் ஓய்வூதியமும் கணிக்கப்படும் என்பதால் இதை 60 வயதுக்குக் கிட்டப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டவர்கள், ஓய்வு பெற்ற பிறகு திருத்தக் கடிதங்களோடு திரிவதை நான் பார்க்கிறேன்.

சம்பள மாற்றத்துக்கான கோரிக்கைக் கடிதத்தை அங்கேயே எழுதினோம். எழுதி முடித்ததும் அவர் இன்னொரு தரம் இரண்டாவது பந்தியை வாசித்தார். விரல் விட்டு எண்ணத் தொடங்கினார். அடுத்த தரத்துக்கான ஆண்டுக் கணக்கும் அந்தப் பழைய திகதியிலிருந்துதானே ஓடும்? அப்படியென்றால் அதில் நாலு வருடம் ஏற்கெனவே முடிந்துவிட்டது.

“அப்ப அடுத்த போமையும் இப்பவே எடுத்து வைக்கட்டோ சேர்?” என்று கேட்டார். மொடியூல் பெறுபேற்றுத் தாள் வீட்டில் எங்கே இருக்கிறது என்று முதலில் தேடச் சொன்னேன்.